காட்கிலை ஓர் அறிக்கையோடு நிறுத்திவிட வேண்டாம்

ஆசிரியருக்கு வணக்கம்.

சூழலியலாளர் மாதவ் காட்கிலின் நூல்கள் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். பாராட்டுகள். ஆனால் கட்டுரையில் முக்கால் பங்கு, மேற்குத் தொடர்ச்சி மலையைக் காப்பது பற்றி அவர் தலைமையிலான அரசுக் குழு கொடுத்த அறிக்கைக்கே போய்விட்டது. அந்த அறிக்கைக்குப் பின்னால் இருக்கும் அனுபவமெல்லாம் அவருடைய புத்தகங்களில்தான் கிடக்கிறது. மலைவாசிகளைக் காலி செய்யச் சொன்னவர் அவர் என்று எங்கள் பக்கம் இன்றும் பலர் நம்புகிறார்கள். அந்தப் பொய்க்குப் பதில் அங்கே இருக்கிறது.

எழுபதுகளில் கர்நாடகக் காடுகளில் மூங்கில் ஏன் அழிகிறது என்று பார்க்கப் போனார். அரசு காகித ஆலைக்கு டன் ஒன்றரை ரூபாய்க்கு மூங்கில் கொடுத்த காலம் அது. பழி மட்டும் ஊர்க்காரர்களின் மாடுகள் மேல். மூங்கில் புதரின் அடியில் மண்டியிருக்கும் முள்ளை வெட்டி எடுத்தால் செழிப்பாக வளரும் என்று வனத்துறை நினைத்தது. "குருத்துக்கு அந்த முள்தானே வேலி, எடுத்துவிட்டால் முளைக்கிறதை எல்லாம் மாடும் குரங்கும் தின்றுவிடும்" என்பது ஊர்க்காரர்களின் வாதம். காட்கில் ஆராய்ந்து பார்த்தார். ஊர்க்காரர்கள் சொன்னதுதான் சரி. படிப்பில்லாதவர் பேச்சு என்று ஒதுக்காமல் அதைச் சோதித்துப் பார்த்தாரே, எனக்கு அவர்மேல் மரியாதை வந்தது அங்கேதான்.

ராஜஸ்தானின் பரத்பூர் பறவைகள் சரணாலயத்தில் 1982இல் எருமை மேய்ச்சலைத் தடை செய்தார்கள். எதிர்த்தவர்கள் மேல் துப்பாக்கிச் சூடு நடந்து உயிர்களும் போயின. அப்புறம் என்ன ஆயிற்று? மேய ஆளில்லாமல் புல் மண்டி நீர்ப்பரப்பை அடைத்துக்கொண்டது, பறவைகளுக்குத்தான் கஷ்டம். அந்தத் தடையை ஆதரித்தவர் பறவையியலாளர் சலீம் அலி. சிறு வயது முதலே அவரைக் கொண்டாடிய காட்கில், இந்த விஷயத்தில் அவர் செய்தது தவறு என்று எழுதத் தயங்கவில்லை.

வரலாற்றாசிரியர் ராமச்சந்திர குகாவோடு 1992இல் எழுதிய 'திஸ் ஃபிஷர்ட் லேண்ட்' நூலைப் பற்றிக் கட்டுரையில் ஒரே ஒரு வரி! ஊர்க் காடுகள் ஆங்கிலேயர் காலத்தில் எப்படி அரசுக் காடுகளாயின என்று சொல்லும் நூலுக்கு அது போதுமா?

அறிக்கையைப் பற்றியும் ஒன்று. 2010 பிப்ரவரியில் இதே கோத்தகிரியில் நடந்த மேற்குத் தொடர்ச்சி மலைப் பாதுகாப்புக் கூட்டத்தை ஒட்டித்தான் அந்தக் குழுவே அமைந்தது. முந்தைய நவம்பரில்தான் எங்கள் நீலகிரி மலை சரிந்து பல உயிர்களைப் பறிகொடுத்திருந்தோம். 2011 ஆகஸ்டில் கொடுத்த அறிக்கையை அரசு உடனே வெளியிடவில்லை. தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் போராடிய பிறகு, 2012 மேயில்தான் மக்கள் கைக்கு வந்தது. எந்தப் பகுதிக்கு என்ன கட்டுப்பாடு என்பதைக் கிராம சபைகளில் பேசி முடிவு செய்யுங்கள் என்றுதான் அதில் இருக்கிறது. எங்கள் கிராம சபையில் இதுவரை யாரும் அதைப் பேசி நான் கேட்டதில்லை.

கட்டுரையாளரிடம் சொல்லி, மூங்கில், பரத்பூர், வனச் சட்ட வரலாறு என்று தனித்தனியாக எழுத வையுங்கள். கிராம சபை பற்றிய அறிக்கைப் பகுதியையும் எளிய தமிழில் போட்டால், அடுத்த கூட்டத்துக்கு எடுத்துப் போய்ப் படித்துக் காட்டத் தயாராக இருக்கிறேன்.

— வாசகர், கோத்தகிரி