எர்லாண்ட் யோசெப்சனுக்கு ஒரு வாரம் ஒதுக்குங்கள்

தமிழ்நாட்டில் உலகத் திரைப்படங்களைத் திரையிட்டுவரும் திரைப்படக் கழகங்களின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். பெர்க்மன் வாரம், தார்க்கோவ்ஸ்கி வாரம் என்று இயக்குநர்களின் பெயரால் நீங்கள் அனுப்பும் அழைப்புகளைப் பல ஆண்டுகளாகப் படித்துவருபவன் நான். இயக்குநரின் பெயர், வெளியான ஆண்டு, ஓடும் நேரம், பெற்ற விருது எல்லாம் அவற்றில் இருக்கும். நடித்தவர் பெயர் பெரும்பாலும் இருக்காது. அந்த வழக்கத்தை ஒருமுறை மாற்றி, ஒரு நடிகரின் பெயரால் ஒரு வாரம் நடத்துமாறு கேட்டுக்கொள்ளவே இதை எழுதுகிறேன். நான் முன்மொழிவது ஸ்வீடன் நாட்டு நடிகர் எர்லாண்ட் யோசெப்சனை. (ஜோசப்சன் என்று எழுதிப் பழகிவிட்டோம், ஸ்வீடிஷில் அந்த முதலெழுத்துக்கு 'ய' ஒலிதான். இப்படித் திருத்தத் தொடங்கினால் பெர்க்மன் பெயரையும் தொடவேண்டிவரும் என்பதால் இத்தோடு நிறுத்திக்கொள்கிறேன்.)

மேற்சொன்ன இரண்டு வாரங்களிலும் திரையில் வந்துபோனவர் இதே மனிதர்தான். பெர்க்மனின் 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' படத்தின் கணவனும், தார்க்கோவ்ஸ்கியின் 'நொஸ்டால்ஜியா'வில் உலகின் முடிவுக்கு அஞ்சித் தன் குடும்பத்தை ஏழாண்டுகள் வீட்டுக்குள் பூட்டிவைத்த தொமேனிக்கோவும் ஒருவரே என்பதைத் திரையிடலுக்குப் பிந்தைய உரையாடல்களில் ஒருவரும் குறிப்பிட்டு நான் கேட்டதில்லை. இயக்குநர்வாரியாகவே பார்த்துப் பழகியதன் விளைவு இது என்று நினைக்கிறேன்.

1923 ஜூன் 15 அன்று ஸ்டாக்ஹோமில், கலைஞர்கள் பலரைத் தந்த ஒரு யூதக் குடும்பத்தில் அவர் பிறந்தார். ஓவியர் எர்ன்ஸ்ட் யோசெப்சனும், 1876இல் இப்சனின் 'பியர் கிந்த்' நாடகத்தை முதன்முதலில் மேடையேற்றிய லுட்விக் யோசெப்சனும் அக்குடும்பத்தைச் சேர்ந்தவர்கள். பதின்ம வயதில், தொழில்முறை சாராத நாடகக் குழு ஒன்றில் பெர்க்மனைச் சந்தித்தார். பிறகு ஹெல்சிங்போரி, கோத்தென்பர்க் நகரங்களின் அரங்குகளில் நடித்துவிட்டு, 1956இல் ஸ்டாக்ஹோமின் அரச நாடக அரங்கமான 'திராமாத்தென்'னுக்கு வந்துசேர்ந்தார். மூன்றாம் குஸ்தாவ் மன்னர் 1788இல் நிறுவிய அந்த அரங்கின் தலைமைப் பொறுப்பிலிருந்து பெர்க்மன் 1966இல் விலகியபோது, அந்த நாற்காலியில் அமர்ந்து 1975 வரை அதை நிர்வகித்தவரும் அவர்தான். நிர்வாகம் பார்த்த நடிகர், அதற்கிடையில் நாடகமும் நாவலும் எழுதியவர். 1961இல் பெர்க்மனோடு சேர்ந்து 'பூந்தெல் எரிக்சன்' என்ற ஒற்றைப் புனைபெயரில் ஒரு நகைச்சுவைப் படத்துக்குத் திரைக்கதையும் எழுதினார்.

பெர்க்மனின் 1950, 60களின் புகழ்பெற்ற நாயகப் பாத்திரங்களை மாக்ஸ் வான் சிடோ போன்றவர்கள் ஏற்றிருந்த காலத்தில், யோசெப்சன் பெரும்பாலும் சிறு வேடங்களில் ஓரமாக நின்றார். 1973இல், ஐம்பதாம் வயதை எட்டும் நேரத்தில்தான், 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' அவரை நடுவில் கொண்டுவந்து நிறுத்தியது. இதை நீங்கள் திரையிடுவதானால், மூன்று மணி நேரத்துக்குள் சுருக்கப்பட்ட திரையரங்கு வடிவத்தைத் தவிர்த்து, தொலைக்காட்சிக்கென எடுக்கப்பட்ட ஆறு பகுதிகளையும் இரண்டு மாலைகளில் மும்மூன்றாகக் காட்டுமாறு வேண்டுகிறேன். மூன்றாம் பகுதியில் இரவில் எதிர்பாராமல் வந்துசேரும் கணவனுக்கு, மனைவியாக நடிக்கும் லிவ் உல்மன் ஆசையோடு சாப்பிடக் கொடுக்கிறார். தான் வேறொரு பெண்ணைக் காதலிப்பதாகவும் மறுநாளே அவளோடு பாரிசுக்குப் போவதாகவும் அவன் சொல்கிறான். கடைசியில் அவனுடைய பயணப் பெட்டியை அடுக்குவதற்கும் அவளே உதவுகிறாள். இந்த நெடுங்காட்சியில் யோசெப்சன் பார்வையாளரின் இரக்கத்தைத் தேடுவதே இல்லை. குற்றவுணர்வையும் விடுதலைக் களிப்பையும் ஒரே முகத்தில், ஒன்றையொன்று மறைக்காதவாறு வைத்திருக்கிறார். கண்ணீரை நடிப்பின் அளவுகோலாக்கிக்கொண்ட நமக்கு முதலில் இது சற்று வறட்சியாகவே தோன்றும்.

'ஃபேனி அண்ட் அலெக்சாண்டர்' (1982) நீளமானது, இடமிருந்தால் சேருங்கள். பிஷப்பின் வீட்டிலிருந்து ஒரு பெட்டியை விலைக்கு வாங்குவதுபோல் வந்து, அதற்குள் குழந்தைகளை ஒளித்துக் கடத்திச் செல்லும் யூத வணிகர் ஈசாக்காக அவர் வருவது அதில்தான்.

தார்க்கோவ்ஸ்கி படங்களில் 'தி சாக்ரிஃபைஸ்' கட்டாயம் இருக்கவேண்டும். 1986இல் கான் விழாவில் சிறப்புப் பரிசு பெற்ற இப்படத்தின் பெரும்பகுதி காட்லாந்து தீவில் எடுக்கப்பட்டது. யோசெப்சனின் பாத்திரம் தன் வீட்டையே எரிக்கும் காட்சியை முதலில் எடுத்தபோது கேமரா சிக்கிக்கொண்டது, வீடோ சாம்பலாகிவிட்டது. மீண்டும் ஒரு வீட்டைக் கட்டி, மீண்டும் எரித்து, ஆறு நிமிடங்களுக்கும் மேலாக வெட்டே இல்லாமல் ஓடும் அந்தக் காட்சியை ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்ட் படம்பிடித்தார். இந்தக் கதையைத் தார்க்கோவ்ஸ்கியின் பிடிவாதத்துக்குச் சான்றாகவே எல்லோரும் சொல்வார்கள், நீங்களும் சொல்லியிருக்கிறீர்கள். அறுபது வயதைத் தாண்டிய ஒரு நடிகர், நீர் தேங்கிய புல்வெளியில் அதே பித்தோடு மறுபடியும் ஓடி விழவேண்டியிருந்ததை யாரும் சேர்த்துச் சொல்வதில்லை. அதே படத்தில் அவர் முழந்தாளிட்டு முணுமுணுக்கும் பிரார்த்தனையின்போது அரங்கின் ஒலியளவைக் கவனியுங்கள். சென்ற முறை மின்விசிறி இரைச்சலில் அது பாதி கேட்கவில்லை.

அவருடைய மேடை நடிப்பை நாம் பார்த்ததில்லை என்பது உண்மைதான். பீட்டர் புரூக் 1988இல் நியூயார்க்கில் அளித்த செக்கோவின் 'செர்ரித் தோட்டம்' நாடகத்தில் அவர் காயெவாக நடித்ததை நமக்கு அச்சில் படிக்கத்தான் முடியும். ஆனால் மேடை அவருக்குக் கற்றுத்தந்த நிதானம் ஒவ்வொரு படத்திலும் தெரிகிறது. குரலை உயர்த்தவேண்டிய இடத்தில் அவர் தாழ்த்துகிறார்.

வாரத்தின் கடைசி மாலையை 'சாராபாண்ட்'டுக்கு (2003) விடுங்கள். 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' படத்தின் அதே கணவனும் மனைவியும் முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு சந்திக்கும் இது, பெர்க்மனின் கடைசிப் படம். யோசெப்சனுக்கு அப்போது எண்பது வயது. இரவில் இனந்தெரியாத பயம் பிடித்து அவளுடைய அறை வாசலில் வந்து நிற்கும் கிழவர், உடைகளைக் களைந்துவிட்டு அவளருகே அந்தக் குறுகிய கட்டிலில் படுத்துக்கொள்கிறார். முதல் இரண்டு மாலைகளையும் பார்த்தவர்களுக்கு அந்தக் காட்சி வேறாகத் தெரியும்; அதனால்தான் படங்களை இந்த வரிசையில் கேட்கிறேன். அன்று மட்டும் படத்துக்கு முன் அறிமுக உரை வேண்டாம். பார்க்கின்சன் நோயால் அவதிப்பட்டு 2012 பிப்ரவரி 25 அன்று அவர் மறைந்த செய்தியைச் சொல்வதானால், படம் முடிந்த பிறகு சொல்லுங்கள்.

அழைப்பில் அவர் பெயரை மேலே போடுங்கள். நாற்காலிகளை அடுக்க நான் முன்னதாகவே வந்துவிடுகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் கடைசி வரிசைப் பார்வையாளன்