மீதியில் கால் பங்கு

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. கண் அறுவைச் சிகிச்சை நல்லபடியாக முடிந்து மறுபடி படிக்க ஆரம்பித்துவிட்டாய் என்று அறிந்து நிம்மதியாக இருக்கிறது. இங்கே எல்லாரும் நலம்.

பேத்தி பின்னங்களைக் கூட்டுகிறாள், பெருக்குகிறாள், வாக்கியக் கணக்கு என்றால் மட்டும் தடுமாறுகிறாள் என்று எழுதியிருந்தாய். அவளுக்குக் கணக்கு வராமல் இல்லையடா. 'எதில் பங்கு?' என்று கேட்டுக்கொள்ள அவளை யாரும் பழக்கவில்லை, அவ்வளவுதான்.

நீ அனுப்பிய கணக்கையே பார். ஒரு புத்தகத்தில் மூன்றில் ஒரு பங்கை ஒருத்தி முதல் நாள் படித்தாள்; மீதியில் கால் பங்கை மறுநாள் படித்தாள்; இன்னும் 60 பக்கம் இருக்கிறது. மொத்தம் எத்தனை பக்கம்? பேத்தி 144 என்று போட்டிருக்கிறாள். 1/3, 1/4 இரண்டையும் கூட்டினால் 7/12, மிச்சம் 5/12, அது 60 என்றால் மொத்தம் 144. கூட்டலில் பிழையே இல்லை. விடையும் முழு எண்ணாக வந்துவிட்டதால் அவளுக்குச் சந்தேகம் எழவில்லை. ஆனால் அந்தக் கால் பங்கு புத்தகத்தில் கால் அல்ல, மீதியில் கால்.

ஒரு நீளப் பட்டை வரையச் சொல். அதை மூன்று சமத் துண்டாக்கி, ஒன்றை அடித்துவிடட்டும். மிச்சம் இரண்டையும் பாதி பாதியாக்கினால் நான்கு சிறு துண்டு. அதில் ஒன்றை அடித்தால் மூன்று மிஞ்சும். அதுதான் 60 பக்கம். ஒரு சிறு துண்டு 20 பக்கம், முழுப் பட்டையில் ஆறு சிறு துண்டு, ஆக 120. பொதுப் பகுதி காணும் வேலையே வரவில்லை! பிறகு விடையைக் கணக்குக்குள் போட்டுப் பார்க்கட்டும்: 120-இல் 40 போனால் 80, அதில் கால் பங்கு 20 போனால் 60. அவளுடைய 144-ஐப் போட்டால் 72 மிஞ்சும். தவறு எங்கே என்று அவளே சொல்லிவிடுவாள்.

'மீதி என்று வந்தால் கழி' என்கிற மாதிரிச் சூத்திரங்களை மட்டும் தயவுசெய்து சொல்லித்தராதே. கால் பங்கைக் கொடுத்தபின் மீதி 9 என்றால், முதலில் இருந்தது எத்தனை? மீதி என்ற சொல் இருக்கிறது, 9-இலிருந்து எதைக் கழிப்பது? முக்கால் பங்கு 9, கால் பங்கு 3, மொத்தம் 12. சொல்லைப் பிடித்துக்கொண்டு ஓடும் பிள்ளை கணக்கைப் படிப்பதே இல்லை. எனக்கு இதில்தான் மிகுந்த வருத்தம்.

முக்கால் மீட்டரும் முக்கால் பங்கும் இப்படித்தான் குழப்பும். 2 மீட்டர் நாடாவில் முக்கால் மீட்டர் வெட்டினால் ஒன்றேகால் மீட்டர் மிஞ்சும். முக்கால் பங்கு வெட்டினால் அரை மீட்டர்தான்.

உனக்கும் ஒரு கணக்கு. ஒரு எண்ணோடு அதன் ஏழில் ஒரு பங்கைக் கூட்டினால் 19, எண் எது? கி.மு. 1550 வாக்கில் எகிப்தில் அஹ்மெஸ் என்ற எழுத்தர் பாப்பிரஸ் சுருளில் எழுதிவைத்தது இது. அவர் முதலில் 7 என்று வைத்துக்கொண்டார். ஏழில் ஒரு பங்கைச் சேர்த்தால் 8. அந்த 8-ஐ 19 ஆக்க எத்தனை மடங்கு வேண்டுமோ, அத்தனை மடங்கு 7-ஐப் பெருக்கினார். நீ பட்டை வரைந்தே போட்டுப் பார், எட்டுத் துண்டுதான். விடையில் பின்னம் வரும், பயப்படாதே. பேத்தியும் நீயும் தனித்தனியே போட்டு, இரண்டு தாளையும் எனக்கு அனுப்புங்கள்.

அன்புடன்,
உன் பழைய நண்பன்