சுமிக்கு, முன்பணக் கணக்கு பற்றி

சுமி,

இதைத் தமிழில் எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. அந்த வீட்டில் உன்னோடு தங்கியிருக்கும் இரண்டு பேரும் உன்னோடு சேர்ந்து பாட்டெழுதும் கோ-ரைட்டர்கள். கடிதம் மேசைமேல் கிடந்தாலும் அவர்களுக்குப் புரியாது. உனக்கும் எழுத்துக்கூட்டிப் படிக்க நேரமாகும். ஆகட்டும், கணக்கு விஷயத்தை மெதுவாகப் படிப்பதுதான் நல்லது.

பெல்வியூவிலிருந்து ஈஸ்ட் நாஷ்வில்லுக்கு இருபத்தைந்து நிமிஷம். நீ இங்கே வந்து ஆறு வாரமாகிறது. ஏன் என்று நான் கேட்கவில்லை. பொங்கலன்று கோவிலில் கேட்டவர்களிடம் உனக்கு செஷன் இருக்கிறது என்று சொல்லிவைத்தேன்.

ஹீட்டர் ஓடுகிற காலம் இது. அப்பாவின் கிடாரைச் சுவரில் மாட்டிவைக்காதே, பெட்டிக்குள் வை. ஈரப்பதம் 45க்கும் 55 சதவீதத்துக்கும் நடுவில் இருக்கவேண்டும். கழுத்துப் பக்கம் ஒரு ஈரப்பஞ்சு, உடம்புப் பக்கம் ஒன்று. காய்ந்துபோனால் முதலில் ஃப்ரெட் நுனிகள் வெளியே துருத்தி விரலைக் கீறும், பிறகு மேல்பலகை உள்வாங்கும், கடைசியில் பிரிட்ஜ் அருகே மரம் நார் ஓடிய வழியே விரிந்துவிடும். பஞ்சு வைத்தாயா?

இப்போது பணம். உன் பாட்டுகளின் உரிமையை வைத்துக் காசாக்கும் பப்ளிஷரிடம் கையெழுத்துப் போட்ட அன்று “அம்மா, மாதாமாதம் சம்பளம்” என்று குதித்தாய். கேக் வெட்டினோம், அதனால் தேதி எனக்கு மறக்காது. அது சம்பளம் இல்லை, முன்பணம். மாதம் 2,000 டாலர் என்றால் வருஷத்துக்கு 24,000. அதோடு டெமோ என்கிற மாதிரிப் பதிவின் செலவில் உன் தலையில் எழுதும் பங்கும் சேரும். சிடி, ஸ்ட்ரீமிங் என்று உன் பாட்டின் பிரதிகளுக்கு வரும் மெக்கானிக்கல் ராயல்டி, படத்துக்கோ விளம்பரத்துக்கோ பாட்டைக் கொடுத்த பணம் எல்லாவற்றிலும் உன் பங்கை இதில் கழித்துக்கொண்டே போவார்கள். கழியும்வரை ஸ்டேட்மென்ட்டில் மைனஸ்தான் வரும். அதனால் பயந்துவிடாதே. அந்த மைனஸை நீ கைக்காசிலிருந்து கட்டவேண்டியதில்லை. அது பாட்டின்மேல் நிற்கும் பாக்கி. வழக்கமான ஒப்பந்தத்தில் உன்மேல் நிற்கும் கடன் அல்ல. ஒப்பந்தம் முடிந்துபோனாலும் அப்படித்தான். இதைத் தெரியாமல் மைனஸைப் பார்த்து மிரண்டு, வீட்டில் இருப்பதை விற்றவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

ஒப்பந்தத்தை அடுத்த வருஷத்துக்கு நீட்டுவதா என்று பப்ளிஷர் சொல்லவேண்டிய ஆப்ஷன் தேதி போன மாதம். எடுத்தார்களா என்று நான் கேட்கவில்லை. எண்ணத் தெரிந்தவள், அவ்வளவுதான்.

ஆனால் ஒன்று பார். முதல் வருஷம் முடிந்துவிட்டது என்று நீ நினைப்பதும், முடிந்துவிட்டது என்று அவர்கள் ஒத்துக்கொள்வதும் வேறு. வருஷத்துக்கு 12 பாட்டு என்று எழுதியிருந்தால் அது 12 முழுப் பாட்டு. இந்த ஊர் வழக்கம் உனக்கே தெரியும்: அறைக்குள் எத்தனை பேர் உட்கார்ந்தார்களோ அத்தனை சம பங்கு, ஒருவர் ஒரே ஒரு வரி சொல்லியிருந்தாலும். இரண்டு பேர் பாட்டு உனக்கு அரைப் பாட்டு. மூன்று பேர் என்றால் பன்னிரண்டுக்கு 36 எழுதவேண்டும். நாற்பது எழுதிவிட்டேன் என்று தீபாவளிக்குச் சொன்னாய். அத்தனையும் நாலு பேர் பாட்டாக இருந்தால் அது பத்துதான். இரண்டு பாக்கி நிற்கும். பாக்கி தீரும்வரை அந்த வருஷம் முடியாமல் நீளும், மாத முன்பணம் மட்டும் முடிந்துவிடும். அந்த இடைவெளியில்தான் பிள்ளைகள் போனை எடுக்காமல் இருப்பார்கள்.

ஒரு நோட்டுப் போடு. பாட்டின் பெயர், தேதி, யார் யார், யாருக்கு எத்தனை பங்கு, வொர்க் டேப் (எழுதியதும் எடுக்கும் கச்சாப் பதிவு) கொடுத்த நாள். ஒவ்வொரு பாட்டுக்கும் “பெற்றுக்கொண்டோம், ஏற்றுக்கொண்டோம்” என்று ஈமெயில் வாங்கு. வாயால் “லவ் இட்” என்று சொன்னதெல்லாம் கணக்கில் வராது. ஒப்பந்தத்தின் பின்னால் ஸ்கெட்யூல் ஏ என்று பாட்டுப் பட்டியல் இருக்குமே, அதில் நீ கையெழுத்துக்கு முன்பு எழுதிய ஒன்பது பாட்டு நுழைந்திருக்கிறதா என்று பார். ஒப்பந்தத்தைக் கொண்டுவா என்று அன்றைக்கே சொன்னேன். வக்கீல் பார்த்துவிட்டார் என்றாய். எந்த வக்கீல்? பப்ளிஷரே சிபாரிசு செய்தவரா?

சரி, அது போகட்டும்.

யாரும் தொடமுடியாத பணம் ஒன்று உன்னிடம் இருக்கிறது. ரேடியோவில் ஒலித்ததற்குப் பணம் வசூலித்துப் பிரிக்கும் பிஎம்ஐ, எழுத்தாளர் பங்கை நேராக உனக்கே அனுப்பும், பப்ளிஷர் பங்கைத் தனியாக அவர்களுக்கு அனுப்பும். நீயாக எழுதிக் கொடுத்தால் ஒழிய உன் பங்கு முன்பணத்தில் கழியாது. வருவதுதான் தாமதம். இன்று ஒலித்த பாட்டுக்குப் பல மாதம் கழித்துத்தான் காசு. கையில் ஒன்றும் இல்லாத அந்த மாதங்களில் யாராவது நல்ல முகத்தோடு வந்து, “உன் எழுத்தாளர் பங்கை எழுதிக் கொடு, இப்போதே செக் தருகிறேன்” என்பார்கள். கையெழுத்துப் போடாதே. வில்லி நெல்சன் ஒரு பாட்டை மொத்தமாக 50 டாலருக்கு விற்றதை இந்த ஊரில் இன்னமும் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். அவருக்கும் அந்த மாதம் வாடகை கொடுக்கவேண்டியிருந்திருக்கும். வாடகைக்கு நான் இருக்கிறேன். கையெழுத்துப் போடாதே.

பாடகியாகவே எடுக்கலாம் என்று ஒரு லேபிள்காரர் சொன்னதாக நவராத்திரியில் சொன்னாய். சந்தோஷம்தான். ஆனால் லேபிளுக்குச் சொந்தமாவது ஒலிப்பதிவு, பப்ளிஷரிடம் இருப்பது பாட்டு. இந்த நாட்டில் ஏ.எம்., எஃப்.எம். ரேடியோ பாட்டு எழுதியவருக்கும் பப்ளிஷருக்கும்தான் கொடுக்கிறது. பாடியவருக்கோ லேபிளுக்கோ ஒரு சதம் கிடையாது. அதனால்தான் பெரிய பாடகர்கள் பலர் எழுதாத பாட்டிலும் மூன்றாவது பெயராக நுழையப் பார்க்கிறார்கள். டாலி பார்ட்டன் கதை உனக்கு மனப்பாடம். “ஐ வில் ஆல்வேஸ் லவ் யூ” பாட்டை எல்விஸ் பாட, அவருடைய மேனேஜர் பாதி பப்ளிஷிங் கேட்டார், அந்த அம்மாள் தரவில்லை, 1992இல் விட்னி ஹூஸ்டன் அதைப் பாடியபோது அந்தப் பப்ளிஷிங் பணம் டாலிக்கே வந்தது. ஆனால் டாலிக்கு அப்போது பெயர் இருந்தது, மறுக்கத் தைரியமும் இருந்தது. எந்தப் பாடகரும் இன்னும் ஒரு பாட்டைக்கூட ரெக்கார்டு செய்யாதவள் முதல் தடவை மூன்றில் ஒன்றை நாலில் ஒன்றாக்கிக்கொண்டால் நான் திட்டமாட்டேன். ஆனால் பாட்டு எழுதி முடித்த பிறகு ஒரு பெயர் சேர்ந்தால் அன்றைக்கே யாருக்கு எத்தனை பங்கு என்று எழுதும் ஸ்ப்ளிட் ஷீட்டைத் திருத்தி எல்லோரிடமும் கையெழுத்து வாங்கு. பாட்டு ஓட ஆரம்பித்த பிறகு யாருக்கும் ஞாபகம் இருக்காது. வேறு யாருக்கும் தராமல் பாட்டை எங்களுக்காக வைத்திரு என்று ஹோல்டு கேட்டால் கொடு, ஆனால் தேதி போட்டுக் கொடு. ஹோல்டுக்கு அவர்கள் ஒரு பைசா தருவதில்லை, எட்டு மாதம் வைத்திருந்துவிட்டு ஆல்பம் நிறைந்துவிட்டது என்பார்கள்.

லேபிள் ஒப்பந்தத்தில் கன்ட்ரோல்டு காம்போசிஷன் என்று ஒரு பத்தி வரும். பக்கத்தைப் புரட்டிவிடாதே. 2006இலிருந்து 2022வரை ஒரு பிரதிக்கு ஒரு பாட்டுக்கு 9.1 சென்ட், 2023இல் 12, 2025இல் 12.7 என்பது சட்டம் போட்ட விலை. அந்தப் பத்தி என்ன சொல்லும் என்றால், நீயே எழுதிப் பாடினால் அதில் முக்கால்தான், அதுவும் ஆல்பத்துக்குப் பத்துப் பாட்டு அளவோடு சரி. 12.7இல் முக்கால், பத்துப் பாட்டுக்கு 95.25 சென்ட். நீ 13 பாட்டு போட்டு, அதில் நாலு வெளியார் பாட்டு என்று வை. வெளியார் முழு விலை கேட்பார்கள், 50.8 போய்விடும். மிச்சம் 44.45 சென்ட், உன் ஒன்பது பாட்டுக்கு. ஒரு பாட்டுக்கு ஐந்து சென்ட்கூட இல்லை, அதையும் கோ-ரைட்டரோடு பிரிக்கவேண்டும். இது சிடிக்கும் வினைலுக்கும். டவுன்லோடு, ஸ்ட்ரீமிங்கில் இப்படிக் குறைக்க 1995க்குப் பிந்தைய ஒப்பந்தங்களுக்குச் சட்டம் இடம் தரவில்லை. பதின்மூன்றாவது பாட்டை ஆசைப்பட்டுச் சேர்க்காதே என்பதற்காகச் சொல்கிறேன்.

அந்தப் பழைய ஒன்பது பாட்டை, ஸ்ட்ரீமிங் மெக்கானிக்கல் பணத்தை வசூலித்துப் பிரிக்கும் எம்எல்சியில் பதிந்தாயா? பிஎம்ஐயில் சேர்ந்துவிட்டேன் என்று சொல்லாதே, அது வேறு காசு. நீயே வெளியிட்ட பாட்டுக்கு டிஸ்ட்ரிப்யூட்டர் தருவது ஒலிப்பதிவுப் பணம். பாட்டுக்கான ஸ்ட்ரீமிங் மெக்கானிக்கல் 2021இலிருந்து எம்எல்சி வழியாக வருகிறது, சேரக் கட்டணம் கிடையாது. பங்குகள் கூட்டி நூறு வரவேண்டும். உன் கோ-ரைட்டர் தன் 50ஐப் போட்டுவிட்டு உன்னுடையதை விட்டிருந்தால் உன் பாதி அங்கேயே தூங்கும். ஒரு சாயங்கால வேலை. காப்பிரைட் ஆபீஸிலும் வெளிவராத பாட்டு பத்துவரை ஒரே விண்ணப்பத்தில் 85 டாலர். அதை நான் கட்டுகிறேன்.

ஒன்று சொல்லவில்லை. நவம்பரில் ஒரு திங்கட்கிழமை, புளூபேர்ட் கஃபேயில், யார் வேண்டுமானாலும் மேடையேறிப் பாடும் ஓப்பன் மைக்குக்கு நான் வந்திருந்தேன். கதவோரம், பின்னால். அந்த இரண்டாவது சரணத்தில் அடுப்பில் வைத்த பாலை மறந்துவிட்டு ஒருத்தி போனைப் பார்த்துக்கொண்டிருப்பாளே, அந்த வரி வந்ததும் என் பக்கத்தில் இருந்த ஆள் பியரைக் கீழே வைத்துவிட்டான். இருபத்திரண்டு வருஷம் பப்ளிஷர் ஆபீஸில் ராயல்டிக் கணக்கில் இருந்தவள் சொல்கிறேன், அது நல்ல வரி. பாடி முடித்ததும் போய்விட்டேன். சொல்லியிருக்கவேண்டும்.

ஆறு வாரம் முன்பு தோசைக்கல் பக்கத்தில் நின்றுகொண்டு நீ சொன்னது: “நீ எப்பவும் அவங்க பக்கம்தானேம்மா.” அன்றைக்கு நான் கத்தினேன். அதற்குப் பதில் இதுதான்.

1978 முதல் பாட்டின் உரிமையைப் பப்ளிஷருக்கு எழுதிக் கொடுத்தவர்கள் 35 வருஷம் கழித்து அதைத் திரும்பப் பெறலாம். ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும் சட்டம் அந்த உரிமையை விட்டுவைத்திருக்கிறது. கூலிக்கு எழுதியது என்று கையெழுத்துப் போட்டால் மட்டும் அது போய்விடும், அதனால் “வொர்க் ஃபார் ஹயர்” என்ற சொல்லைக் கண்டால் பேனாவை மூடிவை. அந்த 35 முடிந்ததும் திறப்பது ஐந்து வருஷ ஜன்னல்தான். குறைந்தது இரண்டு வருஷம் முன்பே நோட்டீஸ் கொடுத்து, காப்பிரைட் ஆபீஸிலும் பதியவேண்டும். தவறினால் போனதுதான்.

ஒரு பெரியவர் இருந்தார். 1984இல் உரிமையை எழுதிக் கொடுத்து அதே வருஷம் வெளியான பாட்டு. 35 சேர்த்தால் 2019, ஜன்னல் 2024வரை. நோட்டீஸுக்குக் கடைசி 2022. என் ஸ்கிரீனில் அவர் ராயல்டித் தொகைக்குப் பக்கத்துக் கட்டத்திலேயே அந்தத் தேதி இருந்தது. மூன்று மாதத்துக்கு ஒரு தடவை போன் செய்வார், ஏன் இவ்வளவு குறைவு என்று. ஒவ்வொரு வரியாகப் பொறுமையாக விளக்குவேன். அந்தப் பக்கத்துக் கட்டத்தைச் சொல்லமாட்டேன். ஒரு வக்கீலைப் பாருங்கள் என்று மூன்று வார்த்தை சொல்லியிருந்தால் போதும். கம்பெனி உப்பைத் தின்கிறோம் என்று வாயை மூடிக்கொண்டேன். 2022 போய்விட்டது. நான் பொறுமையாகப் பேசுகிறேன் என்று அந்த மனிதர் ஒவ்வொரு கோடையிலும் தன் தோட்டத்துத் தக்காளியைப் பையில் போட்டு ஆபீஸில் எனக்காகக் கொடுத்துவிட்டுப் போவார். அந்தத் தக்காளியில் ரசம் வைத்தேன். நீயும்தான் குடித்தாய், அப்பாவும் குடித்தார்.

அதனால் நீ சொன்னது தப்பில்லை.

உன் ஒப்பந்தத்தில், பாட்டு உன்னிடம் திரும்புவதைச் சொல்லும் ரிவர்ஷன் பத்தி எங்கே இருக்கிறது என்று பார். யாரும் ரெக்கார்டு செய்யாத பாட்டு எத்தனை வருஷத்தில் திரும்பும், தானாகத் திரும்புமா, எழுதிக் கேட்கவேண்டுமா, டெமோ செலவைக் கட்டவேண்டுமா. பாட்டெழுதிய ஃபெலீஸ், பூட்லோ பிரையண்ட் தம்பதி 1950களிலேயே ஏகஃப்-ரோஸ் என்ற பப்ளிஷரிடம் பத்து வருஷத்தில் பாட்டு திரும்பவேண்டும் என்று எழுதி வாங்கினார்கள். கேட்டால் கிடைக்கும், கையெழுத்துக்கு முன்னால் கேட்டால். பத்தி இல்லை என்றால் 35 வருஷக் கணக்கை நோட்டில் முதல் பக்கத்தில் எழுது. நான் அப்போது இருக்கமாட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை வா. பேசவேண்டாம். ஒப்பந்தம், கடைசி இரண்டு ஸ்டேட்மென்ட், ஸ்கெட்யூல் ஏ, மூன்றையும் மேசையில் வை. வத்தக்குழம்பு இருக்கும்.

கேலட்டின் பைக்கில் பழைய கிடார் கடை இருக்கிறதே, அந்தப் பக்கம் எதற்காகப் போனேன் என்று கேட்காதே. ஜன்னலில் ஒரு ஜே-45 கிடார். சவுண்ட் ஹோலுக்குக் கீழே மோதிரம் பட்ட கீறல், பிறைபோல. விலைச்சீட்டைத் திருப்பிப் பார்த்தேன், கடைக்குச் சொந்தமில்லை, கமிஷனுக்கு வைத்தது என்று போட்டிருந்தது. பெட்டி இல்லாமல் ஹீட்டர் பக்கத்தில் தொங்குகிறது. கடை தந்த ரசீதுச் சீட்டு உன்னிடம்தான் இருக்கும். அதையும் எடுத்துக்கொண்டு வா, திங்கட்கிழமை காலை பத்து மணிக்குக் கடை திறக்கிறார்கள்.

அம்மா