பேஸ்பால் புத்தகம் வாங்கியவர்களுக்கும் வாங்கப் போகிறவர்களுக்கும் ஒரு மடல்

வணக்கம்.

எங்களிடம் புத்தகம் வாங்கும் ஒரு அப்பா போன மாதம் கூப்பிட்டார். கோபமாகப் பேசவில்லை, சிரித்துக்கொண்டேதான் சொன்னார், ஆனாலும் எங்களுக்குச் சுருக்கென்றது. நான்காம் வகுப்பு படிக்கும் அவர் பையன், எங்களிடம் வாங்கிய சாதனைப் புத்தகத்தைக் கரைத்துக் குடித்துவிட்டு, வாழ்நாள் பேட்டிங் ஆவரேஜில் முதலிடம் டை காப் என்று வகுப்பில் சொல்லியிருக்கிறான். இல்லை, ஜாஷ் கிப்சன் என்று இன்னொரு பையன் சொல்ல, பேச்சு வளர்ந்து, கடைசியில் டீச்சர் தேடிப் பார்த்தால் அந்த இன்னொரு பையன் சொன்னதுதான் சரி. "புக்கிலேயே போட்டிருக்கேப்பா" என்று நம் பிள்ளை வீட்டுக்கு வந்து அழுதிருக்கிறான்.

தப்பு எங்களுடையது. அந்தப் புத்தகம் அச்சான வருடத்தில் அதில் இருந்தது சரிதான். அதற்கப்புறம் கணக்கு மாறிவிட்டது, நாங்கள் கவனிக்காமல் பழைய பிரதியை விற்றுவிட்டோம். என்ன மாறியது என்று கொஞ்சம் விளக்கமாகவே சொல்கிறோம், ஏனென்றால் நம்மில் பலருக்கும், கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவர்களுக்கு, பிள்ளை கேட்டால் பதில் சொல்லத் தெரிவதில்லை.

முதலில் அந்த ஆவரேஜ். கிரிக்கெட்டில் சராசரி என்றால் ஓட்டக் கணக்கு. இங்கே அது, மட்டையோடு போய் நின்ற தடவைகளில் (வாக், அதாவது எறிபவரின் தப்பான பந்துகளால் சும்மா கிடைக்கும் முதல் பேஸ், போன்றவற்றைக் கழித்துவிட்டு) எத்தனை முறை ஹிட் அடித்தார், அதாவது பந்தை அடித்துவிட்டு அவுட் ஆகாமல் பேஸ் என்ற ஓட்டத் தளத்துக்குப் போய்ச் சேர்ந்தார் என்பது. ஆயிரத்துக்கு 300 அடித்தாலே பெரிய ஆள். டை காப் 367. அவர்தான் முதலிடம் என்று மூன்று தலைமுறைப் பிள்ளைகள் மனப்பாடம் செய்தார்கள்.

ஆனால் 1884-க்குப் பிறகு 1947 வரை கறுப்பின வீரர்களை மேஜர் லீகில், அதாவது அமெரிக்காவின் உச்ச நிலைப் போட்டிகளில், சேர்க்கவே இல்லை. அவர்கள் தனியாக ஆடினார்கள், அந்த ஆட்டங்களுக்கு அந்தக் காலத்துப் பெயர் நீக்ரோ லீக். 1920 முதல் 1948 வரை நடந்த அந்த லீகுகளும் மேஜர் லீக்தான் என்று 2020 டிசம்பரில் அறிவித்தார்கள், 2024 மே மாதம் 2,300-க்கும் மேற்பட்ட வீரர்களின் கணக்கை அதிகாரபூர்வப் பட்டியலில் சேர்த்தார்கள். அன்றைக்கு அந்த லீகில் ஆடிய ஜாஷ் கிப்சன் 372 என்ற கணக்கோடு டை காப்பைத் தாண்டி மேலே போய் உட்கார்ந்தார். அதைப் பார்க்க அவர் இல்லை. 1947 ஜனவரியில், 35 வயதில் இறந்துபோனார். அந்தத் தடையை உடைத்த கறுப்பின வீரர் ஜாக்கி ராபின்சன், மேஜர் லீகின் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணிக்காக முதல் ஆட்டம் ஆடியது அதே வருடம் ஏப்ரல் 15. இடையில் மூன்று மாதம் கூட இல்லை.

சரி, உங்கள் அலமாரியில் இருப்பது பழைய கணக்கா புதிய கணக்கா என்று பார்க்க ஒரு சுலபமான வழி. வில்லி மேஸ் பக்கத்தைத் திருப்புங்கள். மொத்த ஹிட் 3,283 என்று இருந்தால் பழையது, 3,293 என்றால் புதியது. அந்தப் பத்து ஹிட்டும் அவர் 1948-ல், பள்ளிக்கூடப் பையனாக இருந்தபோது, பர்மிங்ஹாம் பிளாக் பேரன்ஸ் என்ற நீக்ரோ லீக் அணிக்கு அடித்தவை. எங்கள் கடையில் இப்போது எந்தச் சாதனைப் புத்தகம் வந்தாலும் முதலில் பார்ப்பது இந்தப் பக்கத்தைத்தான்.

விதிகளைச் சொல்லும் புத்தகங்களுக்கும் இதே கதை. 2023-ல் பிட்சருக்கு, அதாவது பந்து எறிபவருக்கு, கடிகாரம் வைத்துவிட்டார்கள், பேஸில் ஆள் இல்லையென்றால் 15 வினாடிக்குள் எறிய ஆரம்பிக்க வேண்டும். அதே வருடம் பேஸ் ஒவ்வொன்றும் 15 அங்குலத்திலிருந்து 18 அங்குலமாகப் பெரிதானது. அதற்கு முன்னால் அச்சான விதிப் புத்தகங்களை இனி விற்பதில்லை. மிச்சம் இருப்பவற்றை நூலகத்துக்கும் கொடுக்கவில்லை, அங்கேயும் ஒரு பிள்ளைதானே எடுக்கும்.

அப்புறம் டபுள்டே. 1839-ல் கூப்பர்ஸ்டவுனில் ஆப்னர் டபுள்டே பேஸ்பாலைக் கண்டுபிடித்தார் என்று இன்னமும் சில குட்டிப் புத்தகங்களில் வருகிறது. அந்த வருடம் அவர் வெஸ்ட் பாயிண்ட் ராணுவப் பள்ளியில் மாணவர். 1907-ல் ஒரு குழு, முக்கியமாக ஒரு முதியவரின் ஞாபகத்தை நம்பி, டபுள்டே பெயரைச் சொல்லிவிட்டது, டபுள்டே செத்துப் பல வருடம் கழித்து. பெரிய வீரர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேம் அருங்காட்சியகம் கூப்பர்ஸ்டவுனில் இருப்பதே இந்தக் கதையால்தான். அருங்காட்சியகம் அருமையானது, பிள்ளைகளைக் கூட்டிப் போங்கள், கதையை மட்டும் நம்பாதீர்கள்.

இவ்வளவு சொன்னதும் பழைய புத்தகம் எல்லாமே குப்பை என்று நினைத்துவிட வேண்டாம். வாழ்க்கை வரலாறுகள் அப்படிக் கெட்டுப்போவதில்லை. எங்களைக் கேட்டால் எட்டு, ஒன்பது வயதுப் பிள்ளைக்குச் சாதனைப் பட்டியலை விட அதுதான் முதலில் வேண்டும் என்போம், அதிலும் ராபர்ட்டோ கிளெமென்டே. புவெர்ட்டோ ரிக்கோக்காரர். ராபர்ட்டோ என்ற பெயரை இங்கே அமெரிக்காவில் இருந்தவர்கள் பாப் என்று ஆக்கி, பேஸ்பால் அட்டைகளில் கூடப் பல வருடம் அப்படித்தான் அச்சடித்தார்கள், அவரோ என் பெயர் ராபர்ட்டோ என்று விடாமல் சொல்லிக்கொண்டே இருந்தார். பள்ளியில் பெயரைப் பாதியாக வெட்டிக் கூப்பிடுவது நம் வீட்டுப் பிள்ளைகளுக்குத் தெரியாத விஷயமா? 1972 செப்டம்பர் 30 அன்று 3,000-மாவது ஹிட்டை அடித்தார், அதோடு நின்றது. அந்த டிசம்பர் 31 அன்று, நிகராகுவாவில் நிலநடுக்கத்தில் அடிபட்டவர்களுக்கு நிவாரணப் பொருள் ஏற்றிக்கொண்டு அவர் கிளம்பிய விமானம் கடலில் விழுந்து, அவர் இறந்துபோனார். சாவை எப்படிப் பிள்ளையிடம் சொல்வது என்று தயங்கும் அம்மாக்கள் எங்களிடம் கேட்டுவிட்டு வாங்குங்கள், அந்தப் பக்கத்தை மென்மையாகச் சொல்லும் படப் புத்தகங்கள் இருக்கின்றன.

ராபின்சன் புத்தகங்களில் மட்டும் நாங்கள் கொஞ்சம் கறார். அவர் தைரியசாலி, எல்லோரும் நண்பர்கள் ஆனார்கள், சுபம் என்று முடிகிறவற்றை எடுப்பதில்லை. எதிரணி மேனேஜரே வசைபாடியதைச் சொல்லாமல் அந்தத் தைரியம் எதற்கு என்று பிள்ளைக்கு எப்படிப் புரியும்?

ஊரிலிருந்து தாத்தா பாட்டி வந்திருந்தால் ஒரு ஸ்கோர் நோட்டும் சேர்த்து வாங்குங்கள், விலை குறைவுதான். பேஸ்பாலில் பாக்ஸ் ஸ்கோரை, அதாவது ஒரு ஆட்டத்தின் கணக்கைச் சுருக்கிச் சொல்லும் அட்டவணையை, வளர்த்தெடுத்த ஹென்றி சாட்விக் இங்கிலாந்தில் பிறந்து, நியூயார்க்கில் கிரிக்கெட் செய்தி எழுதிக்கொண்டிருந்தவர். அதனால் ரேடியோ கேட்டு ஸ்கோர் எழுதிய தாத்தாக்களுக்கு இது அரைமணி நேரத்தில் பிடிபடும். பிட்சர் 1, கேட்சர் 2, ஷார்ட்ஸ்டாப் 6 என்று களத்தில் ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு எண் இருக்கிறது, ஸ்டிரைக் அவுட் (மூன்று ஸ்டிரைக்கில் அவுட் ஆவது) என்றால் கே. எங்கள் வீட்டில் மாமனாரும் பேத்தியும் இப்போது எங்களை விட்டுவிட்டு அவர்களாகவே பேசிக்கொள்கிறார்கள்.

இனி விஷயம். எங்களிடம் வாங்கிய பழைய சாதனைப் புத்தகம் உங்களிடம் இருந்தால் கொண்டு வாருங்கள், கிறுக்கியிருந்தாலும் அட்டை கிழிந்திருந்தாலும் பரவாயில்லை, புதியதாக மாற்றித் தருகிறோம், காசு வேண்டாம். அதையே வைத்துக்கொள்ள ஆசைப்படும் பிள்ளைக்கு மாறிய கணக்குகளை எழுதிய துண்டுச் சீட்டு ஒன்று தருகிறோம், உள்ளே ஒட்டிக்கொள்ளலாம். அந்த நான்காம் வகுப்புப் பையனுக்கு இரண்டும் போய்ச் சேர்ந்துவிட்டது.

ஏப்ரல் 15 அன்று டிவியில் ஆட்டம் போட்டால் இரண்டு அணியிலும் எல்லோர் முதுகிலும் 42 என்றுதான் இருக்கும். அது ராபின்சன் எண். ஏன் என்று பிள்ளை கேட்பதற்குள் புத்தகம் வீட்டுக்கு வர வேண்டுமானால் 8-ஆம் தேதிக்குள் சொல்லிவிடுங்கள்.

அன்புடன்,
கடையிலிருந்து நாங்கள் இருவரும்