நசுங்கிய ஷீட்டுக்குச் சிலிகான் வேண்டாம், புது ஷீட் வேண்டும்

பெறுநர்:
மேலாளர் அவர்கள்,
வாடிக்கையாளர் சேவைப் பிரிவு

பொருள்: சோலார் பேனல் பொருத்தியபோது மெட்டல் ஷீட் கூரை சேதமடைந்தது – ஷீட்டுகளை மாற்றித் தரக் கோருதல்

ஐயா,

எங்கள் வீட்டு ஷீட் கூரையின் மேல் உங்கள் நிறுவனம் பொருத்திக் கொடுத்த சோலார் பேனல் நன்றாக வேலை செய்கிறது. அதில் எனக்குப் புகார் இல்லை. புகார் எல்லாம் அதைப் பொருத்த வந்தவர்கள் என் கூரைமேல் நடந்த விதத்தைப் பற்றித்தான். அவர்கள் போன பிறகு பெய்த முதல் மழையிலேயே கூடத்தில் ஒழுக ஆரம்பித்துவிட்டது. முறையிட்டதற்கு உங்கள் அலுவலகத்திலிருந்து வந்த பதில்: "தகர ஷீட் என்றால் மேலே ஏறும்போது கொஞ்சம் நசுங்கத்தான் செய்யும், அது பார்வைக்குத்தான் குறை, ஒழுகும் இடத்தில் சிலிகான் வைத்துத் தருகிறோம்." இந்தப் பதிலில் ஒரு வரியைக்கூட என்னால் ஏற்க முடியவில்லை.

முதலில் அந்த "நசுங்கத்தான் செய்யும்". இதே கூரையைப் போட்டவர்கள் நாள் முழுக்க அதன்மேல்தான் நடமாடினார்கள். ஒரு குழிகூட விழவில்லை. ஷீட்டின் கனம் 0.47 மி.மீ.தான், ஆனால் அவர்கள் கால் வைத்தது ஸ்க்ரூ வரிசையை ஒட்டி. ஸ்க்ரூ வரிசை ஓடும் இடத்தில்தான் அடியில் இரும்புப் பர்லின், அதாவது ஷீட்டைத் தாங்கும் குறுக்குச் சட்டம், இருக்கிறது. ஆளின் எடையை அது தாங்கிக்கொள்ளும். இரண்டு பர்லினுக்கு நடுவே ஷீட்டைத் தவிர வேறு தாங்கல் கிடையாது. என் கூரை மேடும் அகலப் பள்ளமுமான வகை. இதில் பள்ளத்தில் முழுப் பாதத்தையும் பதித்து நடக்க வேண்டும், மேட்டின் தலையில் மிதிக்கக் கூடாது. இதெல்லாம் தொழில் ரகசியமா என்ன?

உங்கள் ஆட்கள் விட்டுப்போன குழிகள் எங்கே இருக்கின்றன என்று இணைத்துள்ள படங்களில் பாருங்கள். எல்லாமே பர்லினுக்கும் பர்லினுக்கும் நடுவில், பெரும்பாலும் மேட்டின் தலையில், குதிகால் அளவுக்கு. ஸ்க்ரூ வரிசையை ஒட்டி ஒன்றுகூட இல்லை. ஷீட்டின் குணம்தான் காரணம் என்றால் அங்கேயும் இரண்டொன்று விழுந்திருக்க வேண்டும் அல்லவா?

பார்வைக்குத்தான் குறை என்பதும் சரியல்ல. ஒரு ஷீட்டின் மேல் அடுத்த ஷீட் ஏறி உட்காரும் மேட்டையே மிதித்துத் தட்டையாக்கியிருக்கிறார்கள். அந்த இணைப்பு வாய் பிளந்து நிற்கிறது. முகட்டு மூடியிலும் ஏறி நின்றிருக்கிறார்கள். அது இப்போது ஷீட்டோடு ஒட்டாமல் தூக்கிக்கொண்டிருக்கிறது. தண்ணீர் உள்ளே வருவது இந்த இரண்டு வழிகளில்தான். மற்றக் குழிகளில் மழைநீர் வடியாமல் தேங்கி நிற்கிறது.

அடுத்தது துரு. பேனலைத் தாங்கும் இரும்புச் சட்டங்களைத் தரையில் வைத்து வெட்டியிருக்கலாம். கூரைமேலேயே கிரைண்டர் போட்டார்கள். பறந்த பொறிகள் பெயின்டில் சுட்டு ஒட்டிக்கொண்டன. துளை போட்டபோது உதிர்ந்த இரும்புத் துருவலை அன்று மாலையே மென்மையான துடைப்பத்தால் கூட்டித் தள்ளாமல், ஆழமான பள்ளம் வைத்த பூட்ஸோடு அதன்மேலேயே நடந்தார்கள். துருவலும் பொடிக்கல்லும் அடியில் சிக்கிய பூட்ஸ் எப்படிக் கீறும் என்பதை நான் விளக்க வேண்டியதில்லை. ஷீட்டின் மேல் இருக்கும் பெயின்ட் சுமார் 25 மைக்ரான், அதாவது 0.025 மி.மீ. அதற்கடியில் 55 சதவீதம் அலுமினியமும் மீதி பெரும்பாலும் துத்தநாகமுமான பூச்சு. இந்த இரண்டையும் நம்பித்தான் இந்த ஷீட்டை வாங்கினேன். பனி பட்டதுமே துருவல் கிடந்த இடமெல்லாம் செம்புள்ளியாகிவிட்டது. துருவலைக் கூட்டாததால் வரும் துருவுக்கு ஷீட் நிறுவனம் பொறுப்பல்ல என்று அதன் உத்தரவாத அட்டை சொல்கிறது. ஆக, அந்த உத்தரவாதமும் உங்களால் கைவிட்டுப் போயிற்று.

சிலிகான் பற்றி ஒரு வார்த்தை. நீங்கள் அனுப்பியவர் கொண்டுவந்த டியூப்பைத் திறந்ததும் வினிகர் வாடை அடித்தது. அந்த வகை காயும்போது அமிலம் விடும். அது உலோகப் பூச்சை அரிக்கும். ஒழுகலை அடைக்க வந்து இன்னோர் ஓட்டைக்கு விதை போட்டுப் போக வேண்டாம் என்றுதான் அவரைத் திருப்பி அனுப்பினேன். அவர் நல்ல மனிதர், கோபித்துக்கொள்ளவில்லை.

இன்னொன்று, இதற்கு நான் இழப்பீடு கேட்கவில்லை. ஆனால் எழுத்தில் பதில் வேண்டும். வெளிச்சத்துக்காக நடுவில் ஃபைபர் ஷீட் போட்டிருக்கிறோம். வெயிலில் காய்ந்து நொறுங்கும் பதத்தில் இருக்கிறது. தூசி படிந்ததால் மேலிருந்து பார்த்தால் மற்ற ஷீட் போலவே தெரியும். வந்தவர்களில் சின்னப் பையன் ஒருவன் அதன்மேல் கால் வைக்கப் போனான். நான் கத்தியதால் நின்றான். இடுப்பு பெல்ட்டும் கயிறும் ஏணியின் அடியில் சுருட்டியபடியே கிடந்தன. எந்த இடத்தில் மிதிக்கலாம், எந்த இடத்தில் கூடாது என்று அந்தப் பையனுக்கு உங்கள் நிறுவனத்தில் யார் சொல்லிக்கொடுத்தது?

நான் கேட்பது: நசுங்கிய, துருவேறிய ஷீட்டுகளையும் முகட்டு மூடியையும் அதே கனம், அதே பூச்சில் புதிதாக மாற்ற வேண்டும். அதற்காகப் பேனல்களைக் கழற்றி மாட்டும் செலவு உங்களுடையது. வருகிறவர்கள் தட்டையான ரப்பர் அடி கொண்ட காலணியோடு, பெல்ட் கட்டி, பனி உலர்ந்த பிறகே ஏற வேண்டும். அடிக்கடி போய்வரும் வழியில் பர்லினிலிருந்து பர்லினுக்குப் பலகை போட வேண்டும். அளவு குறிக்கப் பென்சில் வேண்டாம், அதன் கரியும் இந்தப் பூச்சை அரிக்கும்.

வேலையைத் தொடங்கும் தேதியை 15 நாட்களுக்குள் எழுத்தில் தெரிவியுங்கள். இல்லையென்றால் இதே படங்களோடு நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போவேன்.

இப்படிக்கு,
தங்கள் வாடிக்கையாளர்

இணைப்பு: கூரையின் படங்கள், பணி ரசீது நகல், ஷீட் உத்தரவாத அட்டை நகல்