டிபிஐ எண்ணைப் பார்த்து மவுஸ் வாங்கலாமா?

ஆசிரியருக்கு,

தங்கள் தொழில்நுட்பப் பக்கத்தில் குறைந்த விலை கேமிங் மவுஸ்களை டிபிஐ எண்படி வரிசைப்படுத்தியிருந்தீர்கள். டிபிஐ என்பது, மவுஸ் ஓர் அங்குலம் நகர்ந்தால் அதன் அடியில் அசைவை அளக்கும் சென்சார் எத்தனை புள்ளிகளாக எண்ணும் என்ற அளவு. வேலரன்ட், கவுன்டர் ஸ்ட்ரைக் போன்ற துப்பாக்கிச் சுடும் விளையாட்டுகளைப் போட்டிக்காக ஆடுவோர் பெரும்பாலும் 400 முதல் 1,600 டிபிஐக்குள்தான் வைத்துக்கொள்கிறார்கள். அதற்கு மேலுள்ள எண் அட்டைப்பெட்டிக்குத்தான் அழகு. 500 ரூபாய் மவுஸில் அச்சிட்ட 12,800 டிபிஐயைப் பல நேரம் சென்சார் அளப்பதே இல்லை; அளந்ததைப் பெருக்கிக் காட்டுகிறார்கள்.

பார்க்க வேண்டியது ஐபிஎஸ். அதாவது, நொடிக்கு எத்தனை அங்குல வேகம் வரை சென்சார் தடுமாறாது என்ற அளவு. வேலரன்டில் 800 டிபிஐயும், விளையாட்டுக்குள் திரும்பும் வேகத்தை அமைக்கும் சென்சிட்டிவிட்டியை 0.35 ஆகவும் வைத்தால், நம் பாத்திரம் ஒரு முழுச் சுற்றுத் திரும்ப மவுஸ் சுமார் 47 செ.மீ. நகர வேண்டும். முதுகுப்பக்கம் எதிரி வந்தால் அதில் பாதியை ஒரே வீச்சில் இழுத்தாக வேண்டும். 30 ஐபிஎஸ் சென்சார் நொடிக்கு 76 செ.மீ.க்கு மேல் தாங்காது. குறி பாதியில் நிற்கும், இல்லையேல் வானத்தைப் பார்க்கும். பிக்ஸ்ஆர்ட் 3360 சென்சாருக்கு இந்த அளவு 250. சென்சார் பெயரையே சொல்லாத பெட்டியை அலமாரியிலேயே விட்டுவிடலாம்.

வாங்கியதும் சோதிக்க எளிய வழி உண்டு. மவுஸ் பேடின் ஓரத்தில் ஸ்கேல் ஒன்றை அசையாமல் ஒட்டி, மவுஸை அதில் முட்டவைத்து, விளையாட்டுக்குள் சுவரில் ஒரு புள்ளியைக் குறிவையுங்கள். மறுமுனைக்கு வேகமாக இழுத்து, மெதுவாகத் திரும்பக் கொண்டுவந்து ஸ்கேலில் முட்டுங்கள். குறி பழைய புள்ளியிலிருந்து நன்றாக விலகியிருந்தால் சென்சார் தவறவிட்டிருக்கிறது. முதலில் விண்டோஸில் 'என்ஹான்ஸ் பாயின்டர் பிரிசிஷன்' டிக்கை எடுத்துவிட வேண்டும். கை வேகத்துக்கேற்பத் தூரத்தை மாற்றும் அந்த வசதியால், சில விளையாட்டுகளில் நல்ல மவுஸும் தோற்றுப்போகும்.

அளவும் எடையும் கைக்குக் கை மாறும். லாஜிடெக் ஜி102 நீளம் 116.6 மி.மீ., எடை 85 கிராம். சிறிய கைக்கும் விரல்களை மடக்கிப் பிடிப்போருக்கும் பொருந்தும். உள்ளங்கை முழுதும் படியப் பிடிப்போருக்கு 127 மி.மீ. நீளமுள்ள ரேசர் டெத்ஆடர் எசென்ஷியல் வசதி. இதில் விமர்சனங்களை நம்புவதைவிடக் கடையில் கையில் பிடித்துப் பார்ப்பதே மேல்.

போலிங் ரேட், அதாவது மவுஸ் நொடிக்கு எத்தனை முறை கணினிக்குத் தகவல் அனுப்பும் என்ற அளவு, 1,000 ஹெர்ட்ஸ் இருந்தால் போதும். மில்லிநொடிக்கு ஒரு தகவல் போகும். 60 ஹெர்ட்ஸ் திரை வைத்திருப்பவர் 8,000 ஹெர்ட்ஸுக்குப் பணம் கொடுப்பது வீண். வயர்லெஸ் எடுத்தால் புளூடூத்தில் ஆட வேண்டாம், 2.4 கிகாஹெர்ட்ஸ் ரிசீவரையே பயன்படுத்துங்கள். அதையும் யுஎஸ்பி 3.0 துளையை ஒட்டிச் செருகினால் குறுக்கீடு வரும். எக்ஸ்டென்ஷன் கேபிள் போட்டுப் பேடுக்கு அருகில் வையுங்கள்.

மலிவு மவுஸில் பெரும்பாலும் முதலில் கெடுவது இடது பட்டன். உள்ளே உலோகத் தகடு தேய்ந்து, ஒரு அழுத்தம் இரண்டாகப் பதிவாகும். சுவிட்சை மாற்ற மூன்று கால்களின் சால்டரிங்கை எடுத்தாக வேண்டும். மவுஸைத் திறந்தால் வாரண்டி போகலாம். ஆகவே பில்லைப் பத்திரப்படுத்தி, வாரண்டி இருக்கும்போதே மாற்றிக் கேளுங்கள்.

– வாசகர், கோவை