ஒரு சீசன் புதுசா எதுவும் வேண்டாம், இருக்கிற கேமை ஓட வைங்க

கேமை நடத்துற டீமுக்கு, குறிப்பா பெர்ஃபார்மன்ஸும் சர்வரும் பாத்துக்கிற இன்ஜினியர்களுக்கு,

வணக்கம். நான் பாளையங்கோட்டையில ஒரு சின்ன கேமிங் சென்டர் வெச்சிருக்கேன். பத்து சிஸ்டம், ஒரு ஏசி, ஒரு பெரிய யூபிஎஸ், அவ்வளவுதான் கடை. போன பெரிய அப்டேட்டுக்கு அப்புறம் உங்க ஷூட்டர் கேம், அதான் அந்த துப்பாக்கிச் சண்டை கேம், என்ன நிலைமைல இருக்குன்னு நான் சொல்லி உங்களுக்குத் தெரிய வேண்டியதில்ல, மூணு மாசமா ஆளாளுக்கு உங்ககிட்ட சொல்லிக்கிட்டுதான் இருக்காங்க, நானும் உங்க சப்போர்ட்டுக்கு நாலு டிக்கெட் (புகார்) போட்டேன், நாலுக்கும் ஒரே பதில்தான் வந்துச்சு. டிரைவர் அப்டேட் பண்ணுங்க, ஃபைல் வெரிஃபை பண்ணுங்க, பின்னாடி ஓடுற ஆப்பெல்லாம் மூடுங்க. பண்ணியாச்சுங்க. பத்து சிஸ்டத்துலயும் பண்ணியாச்சு. அதனாலதான் இத எல்லாரும் படிக்கிற மாதிரி எழுதறேன்.

போன ஞாயித்துக்கிழமை கடையில பசங்களுக்கு ஒரு சின்ன டோர்னமென்ட் வெச்சேன், அஞ்சுக்கு அஞ்சு. ஸ்கோர் 12-11, கடைசி ரவுண்டா இருக்கலாம்ங்கற நிலைமை, எல்லாரும் நாற்காலிய விட்டு எந்திரிச்சு நின்னு பாத்துட்டு இருக்காங்க. ஒரு பையன் கார்னர்ல ஆங்கிள் புடிச்சு அசையாம உக்காந்திருக்கான், எதிர் டீம் ரெண்டு ஸ்மோக் போட்டு ஒரு கிரனேடும் எறிஞ்சாங்க, அவ்வளவுதான், ஸ்கிரீன் அப்படியே நின்னுடுச்சு. அரை செகண்ட் கூட இருக்காது. திரும்ப ஓட ஆரம்பிச்சப்ப அவன் செத்துக் கிடக்கான். அந்தப் பையன் கத்தல, மவுஸை தூக்கிப் போடல. என்னைத் திரும்பிப் பாத்து, "அண்ணே, அடுத்த மேட்ச்சுக்காவது வேற சிஸ்டம் தாங்கண்ணே"ன்னான். ஏற்கனவே அவனுக்கு ஒரு தடவ சிஸ்டம் மாத்திக் குடுத்திருந்தேன். தப்பு என் மெஷின்லன்னுதான் அவன் இன்னமும் நம்புறான், இல்லடா கேம்தான்னு எத்தன பேருக்கு நான் சொல்லிட்டு இருக்க முடியும்?

அதுவாவது ஒரு ரவுண்டோட போச்சு. தினமும் நடக்குற ஒண்ணு இருக்கு, அதுதான் எனக்கு தாங்க முடியல.

எங்க கடையில ஒரு மணி நேரம் 40 ரூபா. சாயங்காலம் ஸ்கூல் விட்டு வர்ற பசங்க அந்த 40 ரூபாய சேத்து வெச்சுட்டு வர்றவங்க. ஒரு பிளஸ் ஒன் பையன், ரெண்டு பத்து ரூபா நோட்டு, மீதிய காயினா எண்ணி டேபிள் மேல வெப்பான், வாரத்துக்கு ஒரு நாள்தான் வருவான். உக்காந்து கேமை ஓப்பன் பண்ணா முதல்ல வர்றது ஷேடர் கம்பைல் ஆகுதுன்னு ஒரு கோடு. ஷேடர்னா புகை, வெளிச்சம் மாதிரி எஃபெக்ட்ட ஸ்கிரீன்ல வரையற சின்ன புரோகிராம், அத அந்த சிஸ்டத்துக்கு ஏத்த மாதிரி தயார் பண்றதுதான் கம்பைல். 3 பர்சன்ட், 4 பர்சன்ட். எங்க சிஸ்டம் நாலு கோர் ஐ5, ஜிடிஎக்ஸ் 1650, 16 ஜிபி ராம். அதுல அந்தக் கோடு முடிய 14 நிமிஷம் ஆகுது. நான் போன்ல டைமர் வெச்சுப் பாத்தேன். ஒரு மணி நேரத்துல கால்வாசி! சரி, காத்திருக்காம மேட்ச்சுக்குள்ள போயிடலாம்னு போனா கம்பைல் ஆகாத ஒவ்வொரு எஃபெக்ட்டும் மொத தடவ வர்றப்ப ஒரு குலுக்கு குலுக்குது. அவன் பேசாம அந்தக் கோட்டையே பாத்துட்டு உக்காந்திருப்பான்.

ஒரு தடவ கம்பைல் ஆனா சேவ் ஆயிடுமே, அப்புறம் என்னன்னு கேப்பீங்க. வீட்டு கம்ப்யூட்டர்ல ஆகும். சென்டர்ல ஆகாது. வைரஸ், கண்டத டவுன்லோட் பண்றது, அடுத்தவன் அக்கவுண்ட்டு லாகின்லயே கிடக்குறது, இதுக்கெல்லாம் பயந்து எல்லா சென்டர்லயும் டீப் ஃப்ரீஸ் மாதிரி ஒண்ணு போட்டிருப்போம், ரீஸ்டார்ட் பண்ணா சி டிரைவ் பழைய நிலைமைக்கே போயிடும். உங்க கேம் அந்த ஷேடர் கேஷை, அதாவது கம்பைல் ஆனத சேத்து வெக்கிற ஃபைல, கொண்டுபோய் வெக்கிறது அதே சி டிரைவ்ல யூசர் ஃபோல்டருக்குள்ள. ராத்திரி ஆஃப் பண்ணா எல்லாம் அழிஞ்சுடும், மறுநாள் காலைல ஃப்ரீஸ் போட்ட சிஸ்டமெல்லாம் ஆரம்பத்துல இருந்து ஆரம்பிக்கும். ஃப்ரீஸ் ஆகாத டி டிரைவுக்கு லிங்க் போட்டுப் பாத்தேன், ஏமாத்தி விளையாடுறவங்களப் புடிக்கிற உங்க ஆன்டிசீட் கேமை ஓப்பன் பண்ணவே விட மாட்டேங்குது. கேஷ் ஃபோல்டர் எங்க இருக்கணும்னு செட்டிங்ஸ்ல ஒரு வரி. அந்த ஒரு வரிதாங்க நான் நாலு டிக்கெட்லயும் கேட்டது.

இப்ப நான் அந்த 14 நிமிஷத்தை பில்லுல சேக்கறதில்ல, கோடு முடிஞ்சப்புறம்தான் டைமர் ஓடும். கரண்ட் பில்லு என்னோடது, ஏசி ஓடறது என்னோடது, அது பரவால்ல. ஆனா ஆறு மணிக்கு வீட்டுல இருக்கணும்னு சொல்லிட்டு வந்த பையனுக்கு அந்த 14 நிமிஷத்த நான் எங்க இருந்து எடுத்துக் குடுக்கறது?

அடுத்தது கிளிக். பசங்க எல்லாம் ஒரே மாதிரி சொல்றாங்க, "அண்ணே கிளிக் பண்ணேன், லேட்டா சுடுது"ன்னு. மொதல்ல நானும் நம்பல, தோத்தா எல்லாரும் சொல்றதுதானேன்னு விட்டுட்டேன். அப்புறம் அளந்து பாத்தேன். போன்ல 240 எஃப்பிஎஸ் (செகண்டுக்கு 240 ஃப்ரேம், அதாவது படம்) ஸ்லோமோஷன் வெச்சு, மவுஸும் ஸ்கிரீனும் ஒரே ஃப்ரேம்ல தெரியற மாதிரி வெச்சுட்டு, விரல் அமுக்குற ஃப்ரேம்ல இருந்து துப்பாக்கி முனைல நெருப்பு தெரியற ஃப்ரேம் வரைக்கும் எண்ணினேன். ஒரு ஃப்ரேம்னா 4 மில்லிசெகண்டுக்கு கொஞ்சம் மேல. போன வருஷம் புது மவுஸ் வாங்குறப்ப இதே சிஸ்டத்துல எடுத்த வீடியோ இருந்துச்சு, அதுல 11 ஃப்ரேம், அதாவது 46 மில்லிசெகண்ட். இப்ப 21 ஃப்ரேம். 87 மில்லிசெகண்ட். அதே மவுஸ், அதே 144 ஹெர்ட்ஸ் மானிட்டர், அதே செட்டிங்ஸ். ஒரு தடவ இல்ல, இருபது கிளிக் எடுத்து எண்ணி சராசரி போட்டேன், ராத்திரி ஒரு மணி ஆயிடுச்சு. கேமோட எஃப்பிஎஸ்ஸை 90-க்கு மேல போகாம கேப் பண்ணிட்டு எடுத்தா 15 ஃப்ரேமா குறையுது. அப்ப கிராஃபிக்ஸ் கார்டு நூறு பர்சன்ட்ல முட்டிக்கிட்டு நிக்க, ஃப்ரேமெல்லாம் அதுக்கு முன்னாடி க்யூல நிக்குதுன்னுதானே அர்த்தம்? அப்டேட்டுக்கு முன்னாடி ஸ்மோக்குக்கும் வெளிச்சத்துக்கும் லோன்னு ஒரு செட்டிங் இருந்துச்சு, அதை எடுத்துட்டீங்க. அதைத் திரும்பக் குடுத்தாலே பாதி சரியாகும்னு நினைக்கறேன்.

ஆவரேஜ் எஃப்பிஎஸ் குறையலன்னு அப்டேட் நோட்ஸ்ல போட்டிருந்தீங்க. உண்மைதான், என் கடையிலயும் ஆவரேஜ் 100-க்கு மேலதான் வருது. ஆனா ஷூட்டர் கேம்ல ஆவரேஜ் என்னத்துக்குங்க ஆகும்? ஒரு நிமிஷம் பூரா 110-ல ஓடிட்டு, எதிரி எட்டிப் பாக்கற அந்த நேரத்துல 300 மில்லிசெகண்ட் நின்னா ஆவரேஜ்ல ஒண்ணுமே தெரியாது, ஆளு மட்டும் செத்திருப்பான். ஒவ்வொரு ஃப்ரேமும் வர எவ்வளவு நேரம் ஆச்சுன்னு காட்டுற ஃப்ரேம் டைம் கிராஃபைப் போடுங்க, ஒன் பர்சன்ட் லோ, அதாவது ரொம்ப மெதுவா வந்த ஒரு பர்சன்ட் ஃப்ரேம்ல எஃப்பிஎஸ் எவ்வளவுன்னு போடுங்க, அப்பத்தான் நாம ஒரே விஷயத்தைப் பத்திப் பேசறோம்னு ஆகும்.

சர்வர் பத்தியும் சொல்லிடறேன், ஆனா முடியாததைக் கேக்கல. திருநெல்வேலில இருந்து உங்க சர்வர் இருக்கிற மும்பை நேர்கோட்டுல பாத்தாலே 1,250 கிலோமீட்டருக்கு மேல. ஃபைபருக்குள்ள வெளிச்சம் செகண்டுக்கு சுமார் 2 லட்சம் கிலோமீட்டர்தான் போகும், அப்ப போயிட்டு வரவே ஏறக்குறைய 13 மில்லிசெகண்ட், கேபிள் சுத்தி வளைச்சு வர்றதுல எங்களுக்கு பிங், அதாவது போயிட்டு வர்ற நேரம், 38, 40 மில்லிசெகண்ட் வருது. அதுல எனக்கு ஒரு வருத்தமும் இல்ல. ராத்திரி பத்து மணிக்கு மேல ஒரு வார்த்தை கேக்காம எங்கள சிங்கப்பூர் சர்வர்ல கொண்டுபோய் போடறீங்களே, பிங் 90-க்கு ஏறிடுதே, அதுலதான் வருத்தம். சுவத்துக்குப் பின்னாடி முழுசா வந்தப்புறம் சாகறது அங்கதான் நடக்குது. சுட்டவன் ஸ்கிரீன்ல நான் இன்னும் வெளியதான் நிக்கறேன், சர்வர் நேரத்தைப் பின்னாடி ஓட்டிப் பாத்து அவன் சுட்டது சரிதான்னு ஒத்துக்குது, லேக் காம்பன்சேஷன் அப்படித்தான் வேலை செய்யும், தெரியும். ஆனா பிங் ஏற ஏற அந்த அநியாயம் பெருசாகுதே. மும்பைல மேட்ச் கிடைக்கற வரைக்கும் ரெண்டு நிமிஷம் காத்திருக்கியான்னு ஒரு பட்டன் வெச்சா எல்லாரும் காத்திருப்போம்.

நான் கவுன்டர்-ஸ்ட்ரைக் 1.6 கேம் காலத்து ஆளு. லேன்ல கேபிள் போட்டு, தலையணை மாதிரி மானிட்டர்ல விளையாடினோம். கன்சோல்ல நெட்_கிராஃப் 3-ன்னு அடிச்சா எஃப்பிஎஸ், பிங், லாஸ் (வழியில தொலைஞ்ச டேட்டா), சோக் (அனுப்ப முடியாம தேங்கின டேட்டா) எல்லாம் ஓரத்துல தெரியும், தப்பு நம்ம கம்ப்யூட்டர்லயா லைன்லயா சர்வர்லயான்னு நாமளே கண்டுபிடிச்சுக்கலாம். இருபது வருஷத்துக்கு மேல ஆச்சு. உங்க கேம்ல இன்னிக்கு பிங் நம்பர் ஒண்ணுதான் தெரியுது, சர்வர் திணறுதா இல்லையான்னு தெரிஞ்சுக்க எங்களுக்கு வழியே இல்ல.

நான் கேக்கறது ஒண்ணே ஒண்ணுதான். ஒரு சீசன். ஒரே ஒரு சீசன் புது கேரக்டர், புது மேப், புது துப்பாக்கி எதுவும் வேண்டாம், அந்த மொத்த நேரத்தையும் ஸ்டட்டர் (நின்னு நின்னு ஓடறது), இன்புட் லேக் (கிளிக் லேட்டாகறது), சர்வர் இதுக்கு மட்டும் குடுங்க. இது நடக்காத காரியம் இல்ல. 2017-ல ரெயின்போ சிக்ஸ் சீஜ்ங்கற ஷூட்டர் கேம்ல பண்ணாங்க, ஆபரேஷன் ஹெல்த்னு பேர் வெச்சு, அந்த சீசன்ல வர வேண்டிய புது ஆட்களைத் தள்ளி வெச்சுட்டு சர்வர், மேட்ச்மேக்கிங், பழைய பக் இதையெல்லாம் சரி பண்ண உக்காந்தாங்க. அப்பவும் புதுசா எதுவும் இல்லையான்னு கோவப்பட்டவங்க இருந்தாங்கதான். ஆனா கேம் அதுக்கப்புறம் வருஷக்கணக்கா நின்னு ஓடுச்சு. 2020-ல வாலரன்ட் கேம் வந்தப்ப 128 டிக் சர்வர், அதாவது செகண்டுக்கு 128 தடவ கேமைக் கணக்கு பண்ற சர்வர்னு சொன்னாங்க, ஒவ்வொரு டிக்கும் 7.8 மில்லிசெகண்டுக்குள்ள முடியணும், அதுக்காகவே உக்காந்து வேலை பாத்தாங்க, இன்டெல் ஹெச்டி 4000 மாதிரி பழைய கிராஃபிக்ஸ்லயும் 30 எஃப்பிஎஸ் ஓடணும்னு குறி வெச்சாங்க. எங்க ஊர்ல பாதிப் பேர் வீட்டுல அந்த மாதிரி கம்ப்யூட்டர்தாங்க இருக்கு. உங்ககிட்ட திறமை இல்லன்னு நான் சொல்லவே மாட்டேன், ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி இதே கேம் இதே சிஸ்டத்துல வெண்ணெய் மாதிரி ஓடுச்சு, அதைப் பண்ணதும் நீங்கதான்.

ஆனா இந்த மூணு மாசத்துல வந்தது என்ன? ரெண்டு வாரத்துக்கு ஒரு ஸ்கின் பண்டில், துப்பாக்கிக்கு மாட்டுற அலங்காரம். 22 ஜிபி அப்டேட், அதை ராத்திரி பூரா ஒவ்வொரு சிஸ்டமா இறக்கி, ஃப்ரீஸை எடுத்துட்டு, போட்டுட்டு, மறுபடி ஃப்ரீஸ் பண்ணி வெக்கறேன், மறுநாள் பாத்தா ஸ்டோர்ல புதுசா ஒரு கத்தி. கேம் ஓப்பன் ஆனதும் சட்டுனு லோட் ஆகறது ஸ்டோர்தான், அது ஒரு தடவ கூட சிக்கினதில்ல. காசு வர்ற இடத்தை வழவழன்னு வெச்சுட்டு சுடற இடத்தை இப்படிப் போட்டு வெச்சா பசங்களுக்குப் புரியாதுன்னு நினைக்காதீங்க. 40 ரூபா காயினை எண்ணி வெக்கறவனுக்கு கணக்கு நல்லாவே தெரியும். என் கடையில ஆறு பேர் ஏற்கனவே வேற கேமுக்குப் போயிட்டாங்க. அவங்களத் தடுக்க என்கிட்ட ஒரு வார்த்தையும் இல்ல.

கொஞ்சம் சூடா எழுதிட்டேன், மன்னிச்சுக்கோங்க. உங்க டீம்லயும் ராத்திரி முழிச்சு வேலை பாக்கறவங்க இருப்பாங்க, அவங்களைப் புண்படுத்தறது என் எண்ணம் இல்ல. என்ன வேலை முதல்ல, என்ன வேலை அப்புறம்னு முடிவு பண்றவங்ககிட்டதான் கேக்கறேன், தயவுசெஞ்சு ஒரு சீசனை இதுக்கு ஒதுக்குங்க. அதுவரைக்கும் அந்த கேஷ் ஃபோல்டர் ஒரு வரியாவது அடுத்த பேட்ச்ல போட்டு விடுங்க.

பத்து சிஸ்டத்தோட ஃப்ரேம் டைம் லாக், ரெண்டு ஸ்லோமோஷன் வீடியோ, டோர்னமென்ட்ல அந்தப் பையன் செத்த ரவுண்டோட ரெக்கார்டிங், எல்லாம் நாலாவது டிக்கெட்ல சேத்திருக்கேன், இதுவரைக்கும் யாரும் ஓப்பன் பண்ணதா தெரியல. ஏழாம் நம்பர் சிஸ்டத்தை உங்களுக்காகவே ஃப்ரீஸ் போடாம தனியா வெச்சிருக்கேன். டெஸ்ட் பில்ட் எப்ப அனுப்பினாலும் கடை சாத்தினப்புறம் ராத்திரியே போட்டு ஓட்டி, காலைல கடை திறக்கறதுக்குள்ள ரிசல்ட் அனுப்பறேன்.

நன்றியுடன்,
பாளையங்கோட்டையில இருந்து ஒரு கேமிங் சென்டர்காரன்